மிச்சம் இருநூற்று ஐம்பத்தெட்டு

அந்த வீட்டை வாங்கியபோது, எக்ஸ்ரே அக்காவுக்கு யோகம் அடித்துவிட்டது என்றுதான் எல்லோரும் சொன்னார்கள். ஆஸ்பத்திரியில் இருபத்திரண்டு வருஷமாக எக்ஸ்ரே எடுக்கிறாள். பெரிய டாக்டரிலிருந்து வாசல் காவலாளி வரைக்கும் அவளுக்கு அதுதான் பெயர். கூடப் பிறந்த தம்பியே தன் போனில் அப்படித்தான் பதிந்து வைத்திருந்தான். கல்யாணமான பதினேழு வருஷத்தில் ஒன்பது வாடகை வீடு மாறியிருந்தாள். ஒரு வீட்டுக்காரர் மோட்டார் சுவிட்சைத் தன் படுக்கையறைக்குள் வைத்துக்கொண்டு தண்ணீருக்குக் கெஞ்ச விட்டார். இன்னொருவர் சுவரில் ஆணி அடித்தால் முன்பணத்தில் பிடிப்பேன் என்றார். சொந்தச் சுவரில் கேட்பாரில்லாமல் ஓர் ஆணி அடிக்க வேண்டும் என்பது அவளுக்கு வெறியாகவே ஆகியிருந்தது.

வீடு ஏலத்தில் வந்தது. முன்பு இருந்தவர் கடனைக் கட்டவில்லை; வங்கி எடுத்துக்கொண்டு விற்றது. வெளியில் நாற்பத்தைந்து லட்சம் போகும் வீடு முப்பத்தாறுக்குப் படிந்தது. ஆறு லட்சம் கையிலிருந்தும் நகையிலிருந்தும் புரட்டினார்கள். மிச்சம் முப்பது லட்சம் கடன். இருபது வருஷம், அதாவது இருநூற்று நாற்பது மாதம். மாதம் இருபத்தாறாயிரத்து முப்பத்தைந்து. அந்த எண்ணை அவள் தூக்கத்தில் கேட்டாலும் சொல்வாள்.

முதல் நாள் பூட்டில் ஒட்டியிருந்த வங்கித் தாளைக் கிழித்துக் கதவைத் திறந்தபோது உள்ளே குப்பை எதுவும் இல்லை. காலி செய்த வீடு என்றால் உடைந்த வாளி, ஒற்றைச் செருப்பு, நான்கு கிழிந்த பை கிடக்கும். இங்கே தரை பெருக்கித் துடைத்திருந்தது. ஜன்னல் கம்பிகள்கூடத் துடைத்திருந்தன. குளியலறையில் வெள்ளரி விதை அளவுக்குத் தேய்ந்த ஒரு சோப்புத் துண்டு மட்டும் இருந்தது.

"போறவங்க சுத்தம் பண்ணிட்டுப் போயிருக்காங்க பாரு. நல்ல மனுஷங்க போல," என்றார் அவள் கணவர். பள்ளிக்கூட வேன் ஓட்டுகிறவர். எதிலும் நல்லதைத்தான் முதலில் பார்ப்பார்.

அவளுக்கோ, பறிபோன வீட்டைத் துடைத்துவிட்டுப் போன கை எப்படிப்பட்ட கையாக இருக்கும் என்று தோன்றியது. அதை வாய்விட்டுச் சொல்லவில்லை. குடிவந்த நாளில் எதற்கு வீண் பேச்சு?

எண்கள் இரண்டாவது மாதம்தான் கண்ணில் பட்டன. படுக்கையறைச் சுவர் அலமாரியில் மேல்தட்டைத் துடைக்க ஸ்டூல் போட்டு ஏறினாள். கதவின் உள்பக்கம், தலைக்கு மேலே, பென்சிலால் வரிசை வரிசையாக எழுதியிருந்தது. 240. 239. 238. அழகான கையெழுத்து. எல்லாம் ஒரே உயரம், ஒரே இடைவெளி. ஒன்று ஒன்றாகக் குறைந்துகொண்டே வந்து 172இல் நின்றது. அதற்கு அடுத்தது 171 அல்ல, 203. அதற்குப் பக்கத்தில் ஒரு கேள்விக்குறி, அழித்த தடம். பிறகு 202, 201 என்று மறுபடி இறங்கி, 192க்குப் பிறகு 231. அங்கிருந்து கையெழுத்து கோணலாகிவிட்டது. கடைசி எண் 263. பென்சிலை அழுத்திய அழுத்தத்தில் மரம் கீறியிருந்தது. அதற்குக் கீழே ஒன்றும் இல்லை.

"பால் கணக்கா இருக்கும்," என்றார் கணவர்.

"பால் கணக்கை எவனாவது அலமாரிக்குள்ள, உச்சந்தலைக்கு மேல எழுதுவானா?"

"அப்ப பெயின்ட் அடிச்சிருவோம். விடு."

அவள் அடிக்க விடவில்லை. படத்தில் ஒரு நிழலைப் பார்த்தால் அது என்ன என்று தெரியாமல் மேலே போக முடியாதது அவள் தொழில் கொடுத்த புத்தி.

பக்கத்து வீட்டு அக்காவிடம் ஒருமுறை கேட்டுப் பார்த்தாள். ஊர் வம்பெல்லாம் உள்ளங்கையில் வைத்திருக்கும் பெண். ஆனால், "முன்னாடி இங்க யாரு இருந்தாங்க?" என்றதும், அடுப்பில் ஏதோ வைத்தேன் என்று உள்ளே போனவள் அன்றைக்கு வெளியே வரவே இல்லை.

இன்னொன்றும் இருந்தது. எக்ஸ்ரே அக்காவுக்கு வாரத்தில் இரண்டு நாள் மதியப் பணி. காலையில் வீட்டில் இருப்பாள். அப்படி இருந்த ஒரு நாள், பதினொரு மணி வெயிலில், எதிர்ச்சாரியில் மின்கம்பத்தை ஒட்டி ஒரு வயதான பெண் நின்றிருந்தாள். துவைத்து வெளுத்த புடவை, கையில் ஒரு துணிப்பை. வீட்டையே பார்த்துக்கொண்டிருந்தாள். யார் வந்தாலும் குரைத்துத் தீர்க்கும் தெரு நாய் அவள் காலடியில் படுத்திருந்தது. ஒரு கால்மணி நேரம் போல நின்றுவிட்டுப் போய்விட்டாள். அடுத்த மாதமும் வந்தாள். அதற்கடுத்த மாதமும். தான் காலையில் வீட்டில் இருந்த மாதங்களை வைத்துப் பார்த்தால், தேதி எப்போதும் ஐந்து.

"பேய்க்குத் தேதி பார்த்து வர்ற பழக்கமெல்லாம் உண்டா?" என்று கணவர் சிரித்தார்.

"சிரிக்காதீங்க. அஞ்சாம் தேதிதான் நம்ம தவணை போற நாளு."

சிரிப்பு பாதியில் நின்றது. ஆனாலும் அவர், "அதுக்கும் இதுக்கும் என்ன சம்பந்தம்," என்று சொல்லிவிட்டு வேனைத் துடைக்கப் போய்விட்டார்.

மனுஷ மனசு எதற்கும் பழகிவிடும். ஜன்னலை அந்த ஒரு நாள் மட்டும் சாத்தி வைக்கப் பழகினாள். ஐந்து வருஷம் ஓடியது. தவணை ஒரு மாதம் தவறவில்லை. அறுபதாவது தவணைக்குப் பத்து நாள் முன்பே கணவர் இனிப்பு வாங்கி வந்தார். "வர்ற அஞ்சாம் தேதியோட கால்வாசி முடியுது. இன்னும் நூத்தி எண்பதுதான்," என்றார். அந்த உற்சாகத்தில்தான் மாடி கட்டும் பேச்சை எடுத்தார். கையில் இரண்டு லட்சம் சேர்ந்திருந்தது. அதே வங்கியில் இன்னும் எட்டு லட்சம் கூடுதல் கடன் தருகிறார்கள். மாடியில் இரண்டு அறை போட்டு வாடகைக்கு விட்டால் வாடகையே தவணையைக் கட்டிவிடும். கொத்தனார் வந்து அளந்துவிட்டும் போனார். கையெழுத்து மட்டும்தான் பாக்கி.

அறுபதாவது தவணை போன அந்த ஐந்தாம் தேதி அவளுக்குக் காலை விடுப்பு. ஜன்னலைச் சாத்தப் போனவள், கம்பத்தடியில் நின்ற பெண்ணின் உதடு அசைவதைப் பார்த்தாள். எண்ணிக்கொண்டிருந்தாள். சத்தம் கேட்கவில்லை. ஆனாலும், "மூச்சை இழுங்க, பிடிங்க" என்று நாள் முழுக்க மனிதர்களின் வாயையும் மார்பையும் பார்க்கிறவளுக்கு அது தெரியாமல் போகாது.

செருப்பைக்கூட மாட்டாமல் தெருவைக் கடந்தாள்.

"யாரும்மா நீங்க? மாசாமாசம் வந்து நிக்கிறீங்களே."

அந்தப் பெண் பதறவில்லை. "போயிடறேன்மா. தொந்தரவு பண்ண வரலை."

"தொந்தரவுன்னு சொல்லலை. என்னான்னு தெரிஞ்சுக்கணும்."

"இது எங்க வீடா இருந்துச்சு." இறந்த காலத்தில் சொல்லிப் பழகிய குரல். "ஒன்பது வருஷம் அஞ்சாம் தேதி தவணை கட்டிட்டுத்தான் அரிசி வாங்குவோம். இப்ப கட்டறதுக்கு ஒண்ணுமில்லை. ஆனா அஞ்சாம் தேதி வந்தா காலு இந்தப் பக்கம் வந்துருது."

வெயிலில் நிற்க வேண்டாம், உள்ளே வாருங்கள் என்றாள் எக்ஸ்ரே அக்கா. அந்தப் பெண் வாசல்படி வரை வந்தாள், படியைத் தாண்ட மறுத்துவிட்டாள். குனிந்து படியின் ஓரத்தில் இருந்த தூசியைப் புடவைத் தலைப்பால் ஒருமுறை துடைத்தாள். பிறகு படியிலேயே உட்கார்ந்தாள். தண்ணீர் கொடுத்துவிட்டு, எக்ஸ்ரே அக்கா போனில் எடுத்து வைத்திருந்த அலமாரிக் கதவின் படத்தைக் காட்டினாள்.

படத்தைப் பார்த்ததும் அந்தப் பெண் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். டம்ளரை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு பேசத் தொடங்கினாள்.

அவள் கணவர் லாரி எடைமேடையில் குமாஸ்தா. ஏற்றிய எடை, காலி எடை என்று முப்பது வருஷம் எண் எழுதிய கை. வீடு வாங்கிய நாளிலிருந்து மாதம் ஒரு எண் எழுதுவார். மிச்சம் எத்தனை மாதம் என்பதுதான் அது. அறுபத்தொன்பது மாதம் ஒழுங்காகக் குறைந்தது. அப்புறம் வங்கியிலிருந்து வருஷக் கடுதாசி வந்தது. மிச்சம் இருநூற்று மூன்று என்று போட்டிருந்தது.

"ரசீதெல்லாம் எடுத்து வெச்சு எண்ணினாரு. அறுபத்தொம்பது இருந்துச்சு. கூட்டிக் கழிச்சுப் பார்த்தா நூத்தி எழுபத்தொண்ணுதான் வருது. கடுதாசி வேற சொல்லுது. அச்சுல வந்தது தப்பா இருக்காது, நான்தான் எங்கயோ தப்பா எண்ணிட்டேன்னு சொன்னாரு. அடுத்த வருஷமும் கட்டக் கட்ட ஏறுச்சு. எனக்குப் புத்தி கலங்குது, யார்கிட்டயும் சொல்லிடாதேன்னாரு. எடைமேடையிலயும் ஒரு எடையை நாலு தரம் எழுதி அழிக்க ஆரம்பிச்சுட்டாரு. லாரிக்காரங்க சண்டைக்கு வந்தாங்க. வேலை போச்சு. அதுக்கப்புறம் தவணை எங்கேருந்து கட்டறது?"

"பேங்குல போய்க் கேக்கலையா?"

"கேட்டா, மறதிக்காரன்னு வீட்டைப் பிடுங்கிடுவாங்கன்னு பயந்தாரு." அவள் டம்ளரைக் கீழே வைத்தாள். "வாடகை ரூம்லதான் போய்ச் சேர்ந்தாரு. கடைசி வரைக்கும் விரலை மடக்கி எண்ணிக்கிட்டேதான் இருந்தாரு."

அன்று மதியம் எக்ஸ்ரே அக்கா எடுத்த படங்களில் இரண்டை மறுபடி எடுக்க வேண்டியிருந்தது. வங்கி அவர்களுக்கும் வருஷா வருஷம் கடிதம் அனுப்பிக்கொண்டுதான் இருந்தது. தொகை மாறவில்லை என்பதை மட்டும் பார்த்துவிட்டுக் கணவர் அதைக் கோப்பில் செருகிவிடுவார். போன வருஷம் வட்டி ஏறியது, ஏறியது என்று செய்தியில் சொன்னது அவள் காதிலும் விழுந்ததுதான். நம் தவணை ஏறவில்லையே என்று நிம்மதியாக இருந்துவிட்டாள்.

மறுநாள் ஒரு மணி நேரம் அனுமதி கேட்டுக்கொண்டு வங்கிக்குப் போனாள். கடன் பிரிவில் ஒரு பெண் இருந்தாள். தங்கை வயது இருக்கும். கணக்கு எண்ணைத் தட்டினாள். அச்சுப் பொறி ஒரு தாளைத் துப்பியது.

எக்ஸ்ரே அக்கா தாளை வாங்கியதும் பழக்கதோஷத்தில் வெளிச்சத்துக்கு நேரே தூக்கிப் பிடித்தாள். மிச்சத் தவணைகள் என்ற வரிக்கு எதிரே 258 என்று இருந்தது.

இருநூற்று நாற்பதில் ஆரம்பித்து, அறுபது கட்டி, மிச்சம் இருநூற்று ஐம்பத்தெட்டு. சுற்றிலும் வங்கி வழக்கம்போல இயங்கிக்கொண்டிருந்தது. யாரோ பேனா கேட்டார்கள். யாரோ சிரித்தார்கள். அவளுக்கு மட்டும் பின்கழுத்தில் யாரோ நின்று மூச்சு விடுவதுபோல இருந்தது.

"நான் ஏதாவது தப்பா எண்ணிட்டேனா?" என்று கேட்டாள். கேட்ட பிறகுதான் அது யாருடைய வார்த்தை என்று உறைத்தது. நாற்காலியை இழுத்து உட்கார்ந்துகொண்டாள்.

"நீங்க எண்ணினது சரிதான் மேடம்," என்றாள் அந்தப் பெண். "வட்டி எட்டரையிலேருந்து பத்தரை ஆயிடுச்சு. வட்டி ஏறினா மாசத் தொகையை ஏத்த மாட்டோம், காலத்தை நீட்டிடுவோம். நீங்க கையெழுத்துப் போட்ட தாள்லயே இருக்கு. கடுதாசியும் வந்திருக்கும்."

"ரெண்டு சதவீதத்துக்கு இவ்வளவா?"

"இந்த மாசம் நீங்க கட்டினது இருபத்தாறாயிரம். அதுல இருபத்தி மூவாயிரத்துச் சொச்சம் வட்டிக்கே போயிடுச்சு. கடன்ல கழிஞ்சது ரெண்டாயிரத்து எழுநூத்தி அறுபதுதான். அது கொஞ்சூண்டா இருக்கறதாலதான் காலம் இப்படி இழுக்குது."

"இதுவரைக்கும் கட்டினது?"

"பதினஞ்சு லட்சத்து அறுபத்திரெண்டாயிரம். கடன் குறைஞ்சது மூணு லட்சத்து நாப்பதாயிரம். இன்னும் இருபத்தாறு லட்சத்து அறுபதாயிரம் நிக்குது." அவள் குரலைத் தாழ்த்தினாள். "இப்படியே போனா இனிமே கட்ட வேண்டியது அறுபத்தேழு லட்சம். மொத்தமாப் பார்த்தா முப்பதுக்கு எண்பத்திமூணு. நீங்க கேட்டதால சொல்றேன் மேடம். யாரும் வந்து கேக்கறதே இல்லை."

எக்ஸ்ரே அக்கா மனசுக்குள் கணக்குப் போட்டாள். அவளுக்கு இப்போது நாற்பத்தாறு. இன்னும் இருபத்தொன்றரை வருஷம். அறுபதில் ஓய்வு. அறுபத்தேழு வயதில் எந்த ஆஸ்பத்திரி எக்ஸ்ரே எடுக்கக் கூப்பிடும்?

"இதைக் குறைக்க வழியே இல்லையா?"

"இருக்கு. மாசம் மூவாயிரத்து நானூறு கூடக் கட்டினீங்கன்னா பழைய நூத்தி எண்பதுக்கே வந்துரும். மொத்தமா ஒரு ரெண்டு லட்சம் இப்ப கட்டினாலும் அம்பத்தி ஏழு மாசம் குறையும். ரெண்டும் செஞ்சா," அந்தப் பெண் விசைகளைத் தட்டினாள், "நூத்தி அம்பத்தொண்ணு."

இரண்டு லட்சம் என்றதும் எக்ஸ்ரே அக்காவுக்கு மாடிக்கு அளவெடுத்த கொத்தனார் ஞாபகம் வந்தார்.

வீட்டில் அன்று சண்டை என்று சொல்ல முடியாது. கணவர் தாளைப் பார்க்கவே மறுத்தார். "தவணை ஏறலையே? அஞ்சு வருஷமா அதே இருபத்தாறாயிரந்தானே போகுது? அப்புறம் எப்படி மாசம் ஏறும்? கம்ப்யூட்டர் தப்பாக் காட்டுது."

"கம்ப்யூட்டர் தப்பில்லைங்க. நாமளும் தப்பில்லை. நாம எண்ணினது மாசத்தை. அவங்க எண்ணறது வட்டியை."

"மாடியைக் கட்டினா வாடகை வரும். எல்லாம் சரியாயிடும்."

"வாடகைக்கு ஆள் வர்றதுக்குள்ள எட்டு லட்சத்துக்கும் இதே மாதிரி வட்டி ஓடும். உங்களுக்கு அம்பது வயசு. அதை மட்டும் கூட்டிப் பாருங்க."

அவர் தாளை எடுத்துக்கொண்டு மொட்டை மாடிக்குப் போனார். மாடிக்காக விட்டிருந்த இரும்புக் கம்பிகள் நான்கு மூலையிலும் வானத்தைப் பார்த்து நின்றன. கீழிருந்து அவர் நடக்கும் சத்தம் கேட்டது. அங்கும் இங்குமாக நடந்தது, நின்றது, மறுபடி நடந்தது. அவளுக்குத் திடீரென்று ஒரு சந்தேகம், மேலே நடப்பது அவர்தானா என்று. காலடி வேறு யாருடையதோ போலத் தளர்ந்து கேட்டது. எழுந்து போய்ப் படியில் நின்று, "என்னங்க," என்று கூப்பிட்டாள். இரண்டாம் முறை கூப்பிட்ட பிறகுதான் தலை எட்டிப் பார்த்தது.

"எழுபத்தொண்ணு வயசுல," என்றார், "பள்ளிக்கூடப் பிள்ளைங்களை என் வேன்ல எவன் நம்பி ஏத்துவான்?"

மறுநாள் கொத்தனாருக்குப் போன் போட்டு வேண்டாம் என்று சொல்லிவிட்டார். இரண்டு லட்சத்தைக் கடனில் கட்டினார்கள். மாதத் தொகையைக் கூட்டி எழுதிக் கொடுத்தார்கள். அந்த மூவாயிரத்து நானூறுக்காக ஞாயிற்றுக்கிழமைகளில் அவள் ஒரு தனியார் பரிசோதனைக் கூடத்துக்குப் போக வேண்டியிருந்தது. அவர் மத்தியான இடைவெளியில் ஒரு தொழிற்சாலைக்குச் சாப்பாட்டு அடுக்குகளை ஏற்றிப் போனார். முதுகு ஒடிந்தது. ஆனால் புதுத் தாளில் 151 என்றிருந்தது.

அடுத்த ஐந்தாம் தேதி அவள் கம்பத்தடியில் காத்திருந்தாள். அந்தப் பெண் வந்ததும் தாளைக் காட்டி, வட்டி ஏறினால் மாதங்கள் கூடும் என்பதைத் தனக்குச் சொன்னபடியே நிதானமாகச் சொன்னாள்.

"உங்க வீட்டுக்காரர் தப்பா எண்ணலைம்மா. ஒரு எண்ணுகூடத் தப்பில்லை."

அந்தப் பெண்ணுக்கு ஆறுதலாக இருக்கும் என்று நினைத்தாள். அந்தப் பெண் தாளை விலக்கிவிட்டு அவள் முகத்தைப் பார்த்தாள்.

"அப்ப அவருக்கு மறதி இல்லையா?"

"இல்லைம்மா."

"புத்தி கலங்கலையா?"

"இல்லை."

"நான் மாத்திரை குடுத்தேனே," என்றாள் அவள். "மறதிக்குன்னு. ரெண்டு வருஷம். அதைச் சாப்பிட்டா கை நடுங்குது, வேண்டாம்னு சொல்லுவாரு. பிடிவாதம் பிடிக்காதீங்கன்னு வாயைத் திறந்து போட்டேனே."

எக்ஸ்ரே அக்கா அவள் கையைப் பிடித்தாள். வெயிலில் நின்ற கை அவ்வளவு குளிர்ந்திருந்தது. அந்தப் பெண் மெதுவாகக் கையை விடுவித்துக்கொண்டு, வீட்டை ஒருமுறைகூடத் திரும்பிப் பார்க்காமல் நடந்து போனாள். அதற்குப் பிறகு வரவில்லை. எங்கே இருக்கிறாள் என்று விசாரித்ததில் ஒரு வாடகை அறையின் முகவரி கிடைத்தது. போனபோது காலி செய்துவிட்டாள் என்றார்கள். அறை பெருக்கித் துடைத்திருந்தது.

வீடு எக்ஸ்ரே அக்காவுக்குச் சொந்தமாகிக்கொண்டு வருகிறது, ஆமை வேகத்தில். நடுவில் வட்டி ஒருமுறை கால் சதவீதம் ஏறியது. செய்தி கேட்ட அன்றே வங்கிக்குப் போய், மாதங்கள் நீளாதபடி தொகையைக் கூட்டி எழுதிக் கொடுத்துவிட்டு வந்தாள். வருஷத்துக்கு ஒருமுறை தாள் வாங்கி வருகிறாள். வெறும் வீட்டில் மதிய நேரம் இன்னும் அவளுக்குப் பிடிப்பதில்லை. ஆணி அடிக்கும்போது ஒருகணம் யாரிடமோ கேட்க வேண்டும்போலக் கை நிற்கும்.

போன வாரம் அப்படி ஒரு மதியத்தில் கதவு தட்டிய சத்தம் கேட்டது. பக்கத்து வீட்டு அக்கா நின்றிருந்தாள். இத்தனை வருஷத்தில் அவள் இந்த வாசலைத் தாண்டி உள்ளே வந்ததில்லை. அன்றைக்கு வந்தாள். வந்து, ஒரு பெரிய துணிப்பையைத் தரையில் கவிழ்த்தாள். உறைகள் சரிந்தன. எல்லாம் அவள் வீட்டுக் கடனுக்கு வந்த வங்கிக் கடிதங்கள், ஒன்றுகூடப் பிரிக்கப்படவில்லை. பழையவை மஞ்சளாகியிருந்தன.

"அந்த மனுஷன் கடுதாசி பிரிச்சுத்தான் அப்படிப் போனாருன்னு எனக்குத் தெரியும்," என்றாள். "அதான் நான் பிரிக்கவே இல்லை. பதினோரு வருஷம் ஆச்சு."

எக்ஸ்ரே அக்கா தரையில் உட்கார்ந்து, இருப்பதிலேயே புதிய உறையைத் தேடி எடுத்தாள்.

"சத்தமாப் படிக்காதே," என்றாள் பக்கத்து வீட்டு அக்கா, சுவரோரமாகத் தள்ளி உட்கார்ந்துகொண்டு. "முதல்ல நீ மட்டும் பாரு."